‘எச்சரிக்கை’க்குள் எத்தனை மணித்தியாலம்?

மழைக்காலம் தொடங்கிவிட்டால் எங்கள் செய்தித் தளங்களில் வாரத்துக்கு ஒரு தடவையாவது வந்துபோகும் தலைப்பு ஒன்று இருக்கிறது: ‘பல மாவட்டங்களுக்கு மண்சரிவு எச்சரிக்கை’. பதுளை, நுவரெலியா, கண்டி, கேகாலை, இரத்தினபுரி என்று பெயர்கள் அடுக்கப்பட்டிருக்கும். பொதுமக்கள் அவதானமாக இருக்குமாறு கேட்டுக்கொள்ளப்படுகிறார்கள் என்ற வரியுடன் செய்தி முடிந்துவிடும். மஸ்கெலியாவில் ஒரு லயத்தில் இருந்துகொண்டு இதை வாசிப்பவருக்கு உண்மையில் தெரியவேண்டியது இரண்டே இரண்டு விடயங்கள்தான். நான் இப்போது எழும்பிப் போகவேண்டுமா, இல்லையா? போகவேண்டும் என்றால் எவ்வளவு நேரம் இருக்கிறது?

அந்தத் தலைப்பில் இரண்டுக்கும் பதில் இல்லை. ஆனால், செய்தி புறப்பட்ட இடத்தில் பதில் இருந்தது. தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் மண்சரிவு அறிவித்தல்களை மூன்று கட்டங்களாக வெளியிடுகிறது. 24 மணித்தியாலத்தில் 75 மில்லிமீற்றர் மழை என்றால் மஞ்சள், ஆங்கிலத்தில் ‘வாட்ச்’. 100 மில்லிமீற்றரைத் தாண்டினால் செம்மஞ்சள், ‘அலர்ட்’. 150 மில்லிமீற்றரைத் தாண்டினால், அல்லது ஒரே மணித்தியாலத்தில் 75 மில்லிமீற்றர் கொட்டினால், சிவப்பு, ‘இவாகுவேட்’. முதலாவதில் சுவரில் வெடிப்பு வருகிறதா, ஊற்றுத் தண்ணீர் கலங்குகிறதா என்று பார்த்துக்கொண்டு வீட்டிலேயே இருக்கலாம். மூன்றாவதில் இருக்கக்கூடாது. மூன்றுக்கும் நாங்கள் போடும் தலைப்பு ஒன்றுதான்.

நான் ஆங்கிலத்திலிருந்து தமிழுக்கு மொழிபெயர்ப்பதைத் தொழிலாகச் செய்பவன். வழக்கமான நாட்களில் திட்ட அறிக்கைகள், பயிற்சிக் கையேடுகள். வெள்ளம், புயல் என்று வந்துவிட்டால் தொண்டு நிறுவனங்களிடமிருந்து சிறு சிறு அறிவித்தல்கள் வரத்தொடங்கும். அநேகமாக இரவில், ‘அரை மணித்தியாலத்தில் தேவை’ என்ற குறிப்போடு. அவற்றில் திரும்பத் திரும்ப வரும் சொற்கள் ஒரு கைப்பிடிதான். வாட்ச், அலர்ட், எட்வைசரி, வோர்னிங், நோட்டீஸ், போர்காஸ்ட், அவுட்லுக். அகராதியைத் திறந்தால் இவற்றில் பாதிக்கு ‘எச்சரிக்கை’ என்றும் மீதிக்கு ‘அறிவித்தல்’ என்றும் இருக்கும். அகராதி பிழையில்லை. ஆனால், இந்த ஆங்கிலச் சொற்கள் ஒவ்வொன்றும் தனக்குள் ஒரு மணிக்கூட்டை வைத்திருக்கிறது. தமிழுக்கு வரும்போது அவற்றின் பயம் வந்து சேர்கிறது, மணிக்கூடு கொழும்பிலேயே நின்றுவிடுகிறது.

சொல்லுக்குள் இருக்கும் மணிக்கூடு

‘வாட்ச்’ என்றால் அடிப்படையில் விழித்திருத்தல். இரவுக் காவலும் அதுதான், கப்பலில் நான்கு மணித்தியால முறைக் காவலும் அதுதான், கையில் கட்டுவதும் அதுதான். ‘அலர்ட்’ இத்தாலிய மொழியிலிருந்து பிரெஞ்சு வழியாக ஆங்கிலத்துக்கு வந்தது; காவற்கோபுரத்துக்கு ஏறு என்று வீரர்களுக்குக் கொடுத்த கட்டளை அது. எங்கள் ‘எச்சரிக்கை’யின் வரலாறு வேறு. யாழ்ப்பாணத்துக் கோவில்களில் திருவிழாக் காலத்தில் ஊஞ்சற் பாட்டுக்குப் பிறகு எச்சரீக்கை, பராக்கு என்று பாடுவார்களே, அதைக் கேட்டவர்களுக்குத் தெரியும். அரசரோ சுவாமியோ வருகிறார், கவனமாக இருங்கள் என்று கட்டியம் கூறும் சொல் அது. கவனத்தைக் கூப்பிடும் வேலையை அது நன்றாகச் செய்யும். எத்தனை மணிக்கு என்று சொல்லும் வேலை அதற்கு எப்போதும் கொடுக்கப்படவில்லை.

அமெரிக்காவின் தேசிய வானிலைச் சேவையில் ஒரு கரையோரத்துக்கு ‘ஹரிகேன் வாட்ச்’ போட்டால், புயற்காற்று 48 மணித்தியாலத்துக்குள் வருவதற்குச் சாத்தியம் உண்டு என்று பொருள். ‘ஹரிகேன் வோர்னிங்’ என்றால் 36 மணித்தியாலத்துக்குள் வரும் என்று அவர்கள் கருதுகிறார்கள். சுழல்காற்றான டொர்னாடோவுக்கு இதே இரண்டு சொற்களும் இன்னும் கூர்மையானவை: வாட்ச் என்றால் அது உருவாவதற்கேற்ற வானம் இருக்கிறது, வோர்னிங் என்றால் ராடாரில் தெரிந்துவிட்டது, அல்லது யாரோ கண்ணால் கண்டுவிட்டார்கள், உடனே கீழ்த்தளத்துக்கு ஓடு. ஒன்றில் திட்டமிட நேரம் இருக்கிறது. மற்றதில் பாதணி போடவும் நேரம் இல்லை.

இந்திய வானிலை ஆய்வுத் துறை வங்காள விரிகுடாப் புயல்களுக்கு வைத்திருக்கும் ஏணியும் இப்படித்தான். கரையோரத்தில் மோசமான வானிலை தொடங்குவதற்கு 72 மணித்தியாலத்துக்கு முன்னர் ‘புயலுக்கு முந்திய வாட்ச்’, 48 மணித்தியாலத்துக்கு முன்னர் ‘அலர்ட்’, 24 மணித்தியாலத்துக்கு முன்னர் ‘வோர்னிங்’. கடைசியாக, கரையைக் கடப்பதற்குக் குறைந்தது 12 மணித்தியாலத்துக்கு முன்னர், கரை கடந்த பின் உள்நாட்டில் என்ன நடக்கும் என்று சொல்லும் ‘அவுட்லுக்’. சொல்லைக் கேட்டவுடனேயே, படகைக் கரையேற்ற இன்னும் எத்தனை இரவு மிச்சம் என்று கணக்கிடலாம். இதே அறிவித்தல் தமிழகத் தொலைக்காட்சி வழியாக எங்கள் வடக்குக் கரைக்கு வந்து சேரும்போது மூன்றும் ‘புயல் எச்சரிக்கை’.

ஆங்கிலம் இந்த விடயத்தில் பெரிய கெட்டிக்காரத்தனமான மொழி என்று நான் சொல்ல வரவில்லை. வாட்ச் பெரியதா வோர்னிங் பெரியதா என்பது அந்தச் சொற்களில் எழுதியிருக்கவில்லை, யாரோ தீர்மானித்தது. அமெரிக்காவிலேயே மக்கள் இதைக் குழப்பிக்கொள்கிறார்கள். அங்கே ‘டாக்கோ’ என்ற தின்பண்டத்தை வைத்து விளக்குவார்கள்: சாமான்கள் மேசையில் இருந்தால் வாட்ச், டாக்கோ செய்து தட்டில் வைத்துவிட்டால் வோர்னிங். எங்களுக்கு மாவும் தேங்காய்ப்பூவும் எடுத்துவைத்தால் வாட்ச், புட்டு அவிந்துவிட்டால் வோர்னிங் என்று சொல்லலாம். ‘எட்வைசரி’ இன்னும் மோசம். சாதாரண வானிலையில் அது வோர்னிங்குக்குக் கீழான ஒரு படி. புயல் நிலையத்தில் அதுவே ஆறு மணித்தியாலத்துக்கு ஒரு தடவை வெளிவரும் வழக்கமான அறிக்கையின் பெயர். இந்தக் குழப்பம் போதும் என்று, எட்வைசரி என்ற தலைப்பைக் கைவிட்டுச் சாதாரண வசனத்தில் எழுதப்போவதாக அந்தச் சேவை 2021 இல் அறிவித்தது. அவுஸ்திரேலியாவில் காட்டுத்தீக்கு மூன்று படிகள். நடுப்படியின் பெயர் ‘வாட்ச் அன்ட் ஆக்ட்’. பார்த்துக்கொண்டிருப்பதா, செயற்படுவதா என்று அங்கேயே கேட்டார்கள்.

ஆகவே ஆங்கிலச் சொல்லை அப்படியே பின்தொடர்வதில் பயனில்லை. அதன் உள்ளே இருக்கும் கணக்கை எடுத்து வெளியே வைக்கவேண்டும்.

‘போர்காஸ்ட்’ பற்றி ஒரு சிறு செய்தி. 1859 இல் ரோயல் சார்ட்டர் என்ற கப்பல் வேல்ஸ் கரையோரத்தில் புயலில் உடைந்து 400இற்கும் மேற்பட்டவர்கள் இறந்தார்கள். அதற்குப் பிறகு ரொபர்ட் பிட்ஸ்ரோய், டார்வினை ஏற்றிச்சென்ற பீகிள் கப்பலின் அதே கப்டன், துறைமுகங்களில் கூம்பு வடிவச் சின்னங்களைத் தொங்கவிட்டுப் புயலை அறிவிக்கும் முறையை 1861 இல் தொடக்கினார். அதே ஆண்டு ஓகஸ்ட் 1ஆம் திகதி ‘த டைம்ஸ்’ பத்திரிகையில் பொதுமக்களுக்கான முதலாவது வானிலைக் கூற்று வெளிவந்தது. அதற்குத் தீர்க்கதரிசனம் என்று பொருள்படும் சொல் எதையும் வைக்க அவர் விரும்பவில்லை. கணக்குப் பார்த்துச் சொல்லும் அபிப்பிராயம் என்பதற்காகவே போர்காஸ்ட் என்ற சொல்லைத் தெரிவுசெய்தார். தமிழகத்தில் இதை ‘முன்னறிவிப்பு’ என்கிறார்கள். நாங்கள் ‘எதிர்வுகூறல்’ என்கிறோம். எங்கள் சொல்லை எனக்குப் பிடிக்கும். ஆனால், சோதிடர் சொல்வதையும் எதிர்வுகூறல் என்றுதான் எழுதுகிறோம். பிட்ஸ்ரோய் பிரித்து வைத்ததை நாங்கள் மறுபடி சேர்த்துவிட்டோம்.

‘பெய்யக்கூடும்’, ‘எதிர்பார்க்கப்படுகின்றது’

வளிமண்டலவியல் திணைக்களத்தின் அறிக்கையை வானொலியில் கேட்டு வளர்ந்தவர்களுக்கு இந்த இரண்டு வினைமுற்றுகளும் தாலாட்டு மாதிரி. ‘பி.ப. 2 மணிக்குப் பின்னர் இடியுடன் கூடிய மழை பெய்யக்கூடும்.’ ‘சில இடங்களில் 100 மில்லிமீற்றருக்கும் அதிகமான பலத்த மழைவீழ்ச்சி எதிர்பார்க்கப்படுகின்றது.’

ஆங்கிலத்தில் நிகழக்கூடியது, நிகழ வாய்ப்பு அதிகமுள்ளது, நிகழும் என்று கருதப்படுவது என்று மூன்று வெவ்வேறு சொற்கள் உள்ளன. வானிலை அறிக்கைகளில் அவற்றை மாற்றி மாற்றிப் போடமாட்டார்கள். ‘கூடும்’ என்ற தமிழ் விகுதி முதலாவதையும் இரண்டாவதையும் ஒரே கூடையில் போட்டுவிடுகிறது. பத்தில் இரண்டு வாய்ப்பும் ‘கூடும்’, பத்தில் எட்டு வாய்ப்பும் ‘கூடும்’. சில தடவைகள் ‘கூடும்’ என்று கேட்டு நனையாமல் வீடு வந்தவர், எட்டு வாய்ப்புள்ள நாளிலும் குடையை விட்டுவிட்டுத்தான் போவார்.

‘எதிர்பார்க்கப்படுகின்றது’ இன்னொரு விதம். தமிழில் எதிர்பார்ப்பது என்றால் வரவேண்டும் என்று காத்திருப்பது. திருமண அழைப்பிதழில் உங்கள் வருகையை எதிர்பார்க்கிறோம். அதே சொல்லில் வெள்ளத்தையும் எதிர்பார்க்கிறோம். மொழிபெயர்ப்பு வகுப்புகளில் இதைச் சொல்லிச் சிரிப்பது உண்டு. ஆனால், சிரிப்பை விட்டுவிட்டுப் பார்த்தால், ‘பெய்யும்’ என்று நேரே சொல்லவேண்டிய இடத்தில் பொறுப்பை யாரும் எடுக்காமல் தப்பிக்கொள்ளும் வசனம் அது. யார் எதிர்பார்க்கிறார்கள் என்று அதில் இல்லை.

‘முன்னெச்சரிக்கை’யையும் சொல்லவேண்டும். முன்கூட்டியே தரப்படும் அறிவித்தலும் முன்னெச்சரிக்கை, அந்த அறிவித்தலைக் கேட்டு நாங்கள் செய்யவேண்டிய ஏற்பாடும் முன்னெச்சரிக்கை. ‘மாவட்டத்தில் முன்னெச்சரிக்கை நடவடிக்கைகள் எடுக்கப்பட்டுள்ளன’ என்று ஓர் அதிகாரி சொன்னால், ஒலிபெருக்கியில் அறிவித்தார்களா, மண்மூட்டை அடுக்கினார்களா என்று திரும்பக் கேட்டால்தான் தெரியும். ஆங்கிலத்தில் இவை இரண்டு வேறு சொற்கள். ஒன்றைச் செய்துவிட்டு மற்றதைச் செய்ததாகக் காட்டுவது அங்கே சற்றுக் கடினம்.

யாருடைய இன்று, எந்த மணிக்கூடு

மண்சரிவு அறிவித்தல் வழக்கமாக மாலை 4 மணியிலிருந்து மறுநாள் மாலை 4 மணி வரை செல்லுபடியாகும். அறிவித்தலில் அது எழுதப்பட்டிருக்கும். செய்தியில் ‘அடுத்த 24 மணித்தியாலங்களுக்கு’ என்று மாறும். பிறகு யாரோ அதைப் படம்பிடித்து வாட்ஸ்அப்பில் போடுவார்கள். திகதி இருக்கும் மேற்பகுதி வெட்டுப்பட்டிருக்கும். எனக்கே ஒரு தடவை, மூன்று நாட்களுக்கு முந்திய அறிவித்தல் ஒன்று நான்கு குழுக்களிலிருந்து ஒரே இரவில் வந்தது. ‘இன்று இரவு’ என்று இருந்தது. எந்த இன்று? 2025 நவம்பர் இறுதியில் டித்வா புயல் மலையகத்தைப் புரட்டிப்போட்ட நாட்களிலும் கைத்தொலைபேசிகளில் இப்படிப்பட்ட ‘இன்று’கள்தான் சுற்றிக்கொண்டிருந்தன.

ஆங்கில நேர இடைச்சொற்கள் எங்களுக்கு இன்னொரு கண்ணி. ‘இன் டூ அவர்ஸ்’ என்றால் இரண்டு மணித்தியாலம் கழித்து என்றும் இருக்கலாம், இரண்டு மணித்தியாலத்துக்குள் என்றும் இருக்கலாம். அதை ‘இரண்டு மணித்தியாலங்களில்’ என்று எழுதினால் ஆங்கிலத்தின் மயக்கமும் சேர்ந்து வந்துவிடும். இந்த இடத்தில் தமிழ்தான் தெளிவானது: ‘8 மணிக்குள்’ என்றால் அதற்கு முன்பே முடித்துவிடு, ‘8 மணி வரை’ என்றால் அதுவரை தொடர்ந்து இரு, ‘8 மணிக்குப் பிறகு’ என்றால் பொறு. இவ்வளவு நல்ல கருவிகளைக் கையில் வைத்துக்கொண்டு ‘காலப்பகுதியில்’, ‘சந்தர்ப்பத்தில்’ என்று எழுதுவது ஏன் என்று எனக்கு விளங்குவதில்லை. ‘நள்ளிரவு’ என்ற சொல்லையும் நான் தவிர்த்துவிடுவேன். வெள்ளி நள்ளிரவு என்றால் வியாழன் படுத்து எழும்புவதற்கு இடையிலா, வெள்ளி படுத்து எழும்புவதற்கு இடையிலா என்று வீட்டுக்கு வீடு பதில் வேறுபடும்.

மணிக்கூடே இரண்டாக இருந்த காலமும் எங்களுக்கு இருந்தது. 1996 இல் அரசாங்கம் நேரத்தை முன்தள்ளியபோது புலிகளின் கட்டுப்பாட்டுப் பகுதி அதை ஏற்கவில்லை. 2006 ஏப்ரலில் நாடு பழைய நேரத்துக்கே திரும்பும் வரைக்கும், ஓமந்தையைத் தாண்டியதும் மணிக்கூட்டை அரை மணித்தியாலம் பின்னுக்கு வைக்கவேண்டும். கூட்டம் 9 மணிக்கு என்றால், ‘பழைய நேரமோ, புது நேரமோ?’ என்பதுதான் முதற்கேள்வி. 2004 டிசம்பர் 26 காலை சுமாத்ராவுக்கு அருகே கடலடி அதிர்ந்தபோது கொழும்பில் 6.58, முல்லைத்தீவில் 6.28.

அந்தக் காலையைப் பற்றிச் சொல்லாமல் இந்த விடயத்தைக் கடக்கமுடியாது. அதிர்வு நடந்து கால் மணித்தியாலத்தில், கொழும்பு நேரம் 7.14இற்கு, ஹவாயில் உள்ள பசுபிக் சுனாமி எச்சரிக்கை நிலையம் ஓர் அறிக்கையை வெளியிட்டது. அந்த நிலையத்தின் பொறுப்பு பசுபிக் சமுத்திரம். அறிக்கையின் தலைப்பில் இருந்த சொல் வோர்னிங் அல்ல, வாட்ச்சும் அல்ல, ‘தகவல்’. பசுபிக்குக்கு ஆபத்தில்லை என்பது அதன் உள்ளடக்கம். சொன்னது அத்தனையும் சரி. அது ஞாயிற்றுக்கிழமை, போயா நாளும்கூட. இந்து சமுத்திரத்துக்கு அப்போது ஓர் எச்சரிக்கை அமைப்பு இருக்கவில்லை. அலை எங்கள் கிழக்குக் கரையை அடைய ஒன்றரை மணித்தியாலத்துக்கு மேல் எடுத்தது. தெற்கையும் மேற்கையும் சுற்றிவர இன்னும் கூடுதலாக எடுத்தது. 30,000இற்கும் அதிகமானோர் இறந்தார்கள்.

அந்த ஒன்றரை மணித்தியாலத்துக்கு ஆங்கிலத்தில் ஒரு பெயர் இருக்கிறது: ‘லீட் டைம்’. அறிந்துகொண்டதற்கும் அது வந்து சேர்வதற்கும் இடையிலுள்ள நேரம். தொழிற்சாலைக்காரர்கள் கட்டளைக்கும் பொருள் கைக்கு வருவதற்கும் இடைப்பட்ட காலத்துக்கும் இதே பெயரைத்தான் வைத்திருக்கிறார்கள். தமிழில் இதற்கு நிலைபெற்ற சொல் இல்லை. ‘முன்னேரம்’ என்று எழுதினால் மாலைப் பொழுது என்று நினைப்பார்கள். நான் ‘கையில் உள்ள நேரம்’ என்று எழுதுகிறேன். நீளம்தான், ஆனால் வாசிப்பவர் தன் கையைப் பார்க்கிறார்.

‘டெட்லைன்’ என்ற சொல்லுக்கு எங்களிடம் ‘கெடு’ இருப்பது நல்ல காலம். ஆங்கிலச் சொல் அமெரிக்க உள்நாட்டுப் போரின் சிறை முகாம்களில் பிறந்தது. அண்டர்சன்வில் முகாமில் கைதி அந்தக் கோட்டைத் தாண்டினால் சுடுவார்கள். கெடு என்பதிலும் தாண்டினால் கெட்டுவிடும் என்ற சாயல் தெரிகிறது.

நேரம் சொல்வதில் மட்டும் சிக்கல் முடிந்துவிடுவதில்லை. என்ன வருகிறது என்பதும் விளங்கவேண்டும். 2013 நவம்பர் 8 அன்று ஹையான் சூறாவளி பிலிப்பைன்ஸின் டக்லோபான் நகரைத் தாக்கியது. கடல்மட்டம் ஏழு மீற்றர் வரை எழலாம் என்று அங்குள்ள வானிலை நிலையம் முன்கூட்டியே சொல்லியிருந்தது. சொன்ன சொல் ‘ஸ்டோம் சேர்ஜ்’. ஆங்கிலம் நன்றாகப் புழங்கும் நாடு அது. அப்படியிருந்தும், அந்தச் சொல் என்னவென்று எங்களுக்கு விளங்கவில்லை, சுனாமி மாதிரி என்று சொல்லியிருந்தால் ஓடியிருப்போம் என்று உயிர்தப்பியவர்கள் பின்னர் சொன்னார்கள். நாட்டில் 6,000இற்கு மேற்பட்டோர் இறந்தார்கள். எங்கள் கலைச்சொற் பட்டியல்களில் இதற்குப் ‘புயல் எழுச்சி’, ‘புயல் அலை’ என்றெல்லாம் இருக்கலாம். 1978 நவம்பர் சூறாவளியைக் கண்ட மட்டக்களப்புக்காரரிடம் கேட்டால் ‘கடல் ஊருக்குள்ள வரும்’ என்பார். அதற்கு மேல் ஒரு கலைச்சொல் எதற்கு?

‘வெளியேறுங்கள்’

கடைசிப் படியில் இருக்கும் சொல்தான் எனக்கு மிகவும் சங்கடமானது. ‘இவாகுவேட்’ என்பதற்கு வழக்கமான தமிழ் ‘வெளியேற்றம்’. வடக்கிலிருந்து 1990 ஒக்டோபரில் முஸ்லிம் மக்கள் விரட்டப்பட்டதற்கு அந்த மக்கள் வைத்திருக்கும் பெயரும் ‘வெளியேற்றம்’தான். யாழ்ப்பாணத்தில் அவர்களுக்குக் கொடுக்கப்பட்டது இரண்டு மணித்தியாலம். 1995 ஒக்டோபர் 30இற்குப் பிறகு வலிகாமத்து மக்களுக்கும் ஒலிபெருக்கியில் வரும் ‘உடனடியாக வெளியேறவும்’ என்ற குரல் காதைவிட்டுப் போவதில்லை. திரும்பி வரமுடியாத போக்கு என்ற பொருள் அந்தச் சொல்லில் ஏறிவிட்டது. வெள்ளத்துக்கு அதே சொல்லைப் போட்டால், எவ்வளவு தண்ணீர் வந்தாலும் வீட்டை விடமாட்டேன் என்று கதவைப் பிடித்துக்கொண்டு நிற்கும் ஒரு கிழவியை நான் கற்பனை செய்யவேண்டியதில்லை, அப்படியானவர்களைக் கண்டிருக்கிறேன். அவர்களிடம் எத்தனை நாளைக்கு என்று சேர்த்துச் சொல்லவேண்டும். ‘நாளைக் காலை வரைக்கும் பள்ளிக்கூடத்தில் இருப்போம், வாங்கோ அம்மா’ என்றால் எழும்பி வருவார்கள்.

குளத்து வான்கதவு திறப்பதிலும் இதே கதை. ‘வான்கதவுகள் எந்நேரமும் திறக்கப்படலாம்’ என்ற அறிவித்தலை வன்னியில் எல்லோரும் கேட்டிருப்பார்கள். 2018 டிசம்பரில் கிளிநொச்சியும் முல்லைத்தீவும் மூழ்கியபோது, இரணைமடுக் குளத்தின் கதவுகள் எப்போது திறக்கப்பட்டன என்பதே பெரிய சர்ச்சையாயிற்று. ‘எந்நேரமும்’ என்பது நேரம் அல்ல. அது திறப்பவருக்குப் பாதுகாப்பான சொல். கீழே வயலில் மாட்டைக் கட்டியிருப்பவருக்கு ஒன்றுமே சொல்லாத சொல்.

சொல்லைத் திருத்தினால் எல்லாம் சரியாகிவிடும் என்று நான் நம்பவில்லை. 2014 ஒக்டோபர் 29 காலையில் கொஸ்லந்தை மீரியபெத்த தோட்டத்து லயங்கள் மண்ணுக்குள் போயின. அந்த இடம் ஆபத்தானது, மக்களை வேறிடத்தில் குடியமர்த்தவேண்டும் என்று தேசிய கட்டட ஆராய்ச்சி நிறுவனம் 2005 இலும் 2011 இலும் எச்சரித்திருந்தது. கையில் இருந்த நேரம் 9 ஆண்டுகள். உலகத்தில் எந்தச் சுனாமி நிலையமும் தரமுடியாத லீட் டைம் அது. ஆனால், தோட்ட மக்களுக்குச் சொந்தக் காணி இல்லை. லயம் அவர்களுடையது அல்ல. போ என்று சொல்வதற்கு ஒரு ‘எங்கே’ இருக்கவில்லை. மிகத் தெளிவான தமிழில் எழுதியிருந்தாலும் அந்த எச்சரிக்கை பாதி வசனமாகத்தான் இருந்திருக்கும்.

இவற்றையெல்லாம் வைத்துப் பார்த்து, அறிவித்தல் மொழிபெயர்க்கும்போது ‘வாட்ச்’சுக்கு என்ன சொல், ‘அலர்ட்’டுக்கு என்ன சொல் என்று தேடுவதை நான் நிறுத்திக்கொண்டேன். பெயர்ச்சொல்லுக்குப் பதிலாக ஏவல் வினை போடுகிறேன். மஞ்சளுக்கு ‘விழித்திருங்கள்’. செம்மஞ்சளுக்கு ‘சாமானைக் கட்டி வையுங்கள்’. அடையாள அட்டை, பிறப்புச் சான்றிதழ், அடகுச் சீட்டு, மருந்து என்று பெயர் சொல்லி. சிவப்புக்கு வடக்கிலும் கிழக்கிலும் ‘வெளிக்கிடுங்கள்’, மலையகத்தில் ‘கிளம்புங்கள்’. கோவிலுக்கும் கலியாணத்துக்கும் வெளிக்கிடும் அதே சொல் என்பதால் அதில் பயம் குறைவு, திரும்பி வருவோம் என்ற நிச்சயம் கூட. தரமற்ற பேச்சுமொழி என்று ஓர் அலுவலகத்தில் திருப்பி அனுப்பினார்கள். நான் மறுபடியும் அதையே அனுப்பினேன்.

இதில் கைத்தொலைபேசிக் குறுஞ்செய்தியின் கணக்கும் ஒன்று உண்டு. ஆங்கிலத்தில் ஒரு குறுஞ்செய்திக்குள் 160 எழுத்து அடங்கும். தமிழில் 70 குறி மட்டும். அதிலும் புள்ளிக்கும் கொம்புக்கும் விசிறிக்கும் தனித்தனி இடம் போய்விடும். ‘எச்சரிக்கை விடுக்கப்பட்டுள்ளது’ என்ற இரண்டு சொற்களே இடைவெளியுடன் 30 இடத்தைப் பிடித்துக்கொள்கின்றன. ‘இன்று வெள்ளி இரவு 8க்குள் வெளிக்கிடுங்கள். பாடசாலைக்குப் போங்கள்.’ என்பது முற்றுப்புள்ளிகளையும் சேர்த்து 65. ஓர் இடைவெளி விட்டு, அனர்த்த முகாமைத்துவ நிலையத்தின் 117 என்ற இலக்கத்தையும் அதில் எழுதிவிடலாம்.